ஜாவாவின் ஐந்தாண்டு ஆட்சியும் ஸ்டாம்போர்ட் ராபிள்ஸும் (1811 - 1816)



1796 ஆம் ஆண்டு ஒல்லாந்தரிடமிருந்து இலங்கையின் கரையோரப் பிரதேசங்களைப் பிரித்தானியர் கைப்பற்றினர் என்பதை நீங்கள் வரலாற்றுப் பாடத்தில் படித்திருக்கிறீர்கள். அதற்குப் பதினைந்து ஆண்டுகளின் பின்னர், அதே பிரித்தானியர் அதே ஒல்லாந்தரிடமிருந்து இன்னொரு பெரிய தீவையும் கைப்பற்றினர். அதுவே இன்றைய இந்தோனேசியாவில் உள்ள ஜாவாத் தீவு. ஆனால் இலங்கையில் 1948 வரை இருந்த பிரித்தானியர் ஜாவாவை ஐந்தே ஆண்டுகளில் திருப்பிக் கொடுத்துவிட்டனர். ஏன்?

இந்த வினாவுக்கான விடையை, அந்த ஐந்தாண்டு ஆட்சியின் பெரும்பகுதியை நடத்திய ஒரு மனிதரின் வாழ்க்கை வழியாக இப்பகுதியிற் பார்ப்போம். அவரே சேர் தோமஸ் ஸ்டாம்போர்ட் ராபிள்ஸ். சிங்கப்பூரை நிறுவியவர் என்று மட்டும் இவரை நீங்கள் அறிந்திருக்கலாம். அதற்கு முன்னர் அவர் ஜாவாவில் செய்தவற்றை அறிந்தால்தான் அவரை முழுமையாக மதிப்பிட முடியும்.

1. இளமைக் காலம்

ராபிள்ஸ் 1781 ஜூலை 6 ஆம் திகதி ஜமேக்காத் தீவுக்கு அண்மையில், நடுக்கடலில் ஒரு கப்பலிற் பிறந்தார். அவருடைய தந்தை பென்ஜமின் ராபிள்ஸ் அக்கப்பலின் தலைவர். குடும்பம் கடனில் மூழ்கியதால் பிள்ளையின் பள்ளிப் படிப்பு நீடிக்கவில்லை. 1795 இல், தனது 14 ஆவது வயதில், இலண்டனில் இருந்த கிழக்கிந்தியக் கம்பனியின் அலுவலகத்தில் எழுதுவினைஞராகச் சேர்ந்தார். உங்களுடைய வயதை விடவும் குறைந்த வயது அது என்பதைக் கவனியுங்கள். பகலில் வேலை செய்துவிட்டு இரவில் தானே படித்தார்.

1805 இல் அவருக்குப் பினாங்கில் உதவிச் செயலாளர் பதவி கிடைத்தது. அதே ஆண்டு ஒலிவியா என்ற விதவைப் பெண்ணை மணந்து அவருடன் கப்பலேறினார். பயணத்தின்போதே மலாய் மொழியைக் கற்கத் தொடங்கினார். பினாங்கில் இருந்த ஆங்கில அதிகாரிகளில் மிகச் சிலரே அம்மொழியை அறிந்திருந்தனர். ஆகவே மலாய் மொழியறிவு அவரது உயர்வுக்கு முதற்படியாக அமைந்தது. சுல்தான்களுக்குக் கடிதம் எழுதவும் அவர்களிடமிருந்து செய்தி பெறவும் கம்பனி அவரையே நாடியது.

2. ஜாவா மீதான படையெடுப்பு

இதன் காரணத்தை விளங்கிக்கொள்ள ஐரோப்பாவைப் பார்க்க வேண்டும். 1795 இல் பிரெஞ்சுப் படைகள் ஒல்லாந்துக்குள் நுழைந்தன. ஒல்லாந்துக் குடியேற்றங்கள் பிரெஞ்சுக்காரரின் கைக்குப் போய்விடும் என அஞ்சியே பிரித்தானியர் இலங்கையின் கரையோரத்தைக் கைப்பற்றினர். 1810 இல் நெப்போலியன் ஒல்லாந்தைப் பிரான்சுடன் முற்றாக இணைத்துக்கொண்டான். இதனால் ஜாவாவும் பிரெஞ்சு ஆதிக்கத்தின் கீழ் வந்தது. அங்கே 1808 முதல் ஆட்சி செய்த டெண்டல்ஸ் என்ற தேசாதிபதி, தீவின் மேற்கிலிருந்து கிழக்குவரை ஏறத்தாழ 1000 கிலோமீற்றர் நீளமான பெருவீதியைக் கட்டாய உழைப்பின் மூலம் அமைத்திருந்தார். படைகளை விரைவாக நகர்த்துவது அதன் முக்கிய நோக்கங்களுள் ஒன்று.

1810 இல் ராபிள்ஸ் கல்கத்தா சென்று இந்தியாவின் மகாதேசாதிபதி மின்டோ பிரபுவைச் சந்தித்தார். ஜாவாவைக் கைப்பற்றுவது அவசியம் என அவருக்கு எடுத்துக்கூறினார். படையெடுப்புக்கு வேண்டிய தகவல்களை மலாக்காவில் இருந்து திரட்டும் பொறுப்பு அவரிடமே ஒப்படைக்கப்பட்டது.

1811 ஆகஸ்ட் 4 ஆம் திகதி பிரித்தானியப் படை பத்தாவியாவுக்கு (இன்றைய ஜக்கார்த்தா) அருகே கரையிறங்கியது. ஏறத்தாழ 12,000 பேர் கொண்ட அப்படையில் பெரும் பகுதியினர் இந்தியச் சிப்பாய்கள். ஆகஸ்ட் 26 இல் மீஸ்டர் கோர்னெலிஸ் என்ற அரண் வீழ்ந்தது. செப்டெம்பர் 18 இல் ஒல்லாந்துத் தேசாதிபதி ஜான்சன்ஸ் சரணடைந்தார். 30 வயதேயான ராபிள்ஸ், பல இலட்சம் மக்கள் வாழ்ந்த ஒரு தீவின் துணைத் தேசாதிபதியாக நியமிக்கப்பட்டார்.

3. யோக்யகார்த்தா அரண்மனைத் தாக்குதல்

ஜாவாவின் கரையோரம் ஒல்லாந்தரிடம் இருந்தபோதிலும், நடுப்பகுதியில் சுரகார்த்தா, யோக்யகார்த்தா என்னும் இரு அரசுகள் சுதேச மன்னர்களின் கீழ் இருந்தன. யோக்யகார்த்தாவின் சுல்தான் இரண்டாம் ஹமெங்குபுவனோ புதிய ஆட்சியாளருக்குப் பணிய மறுத்தார். 1812 ஜூன் 20 ஆம் திகதி ஜில்லெஸ்பி என்ற தளபதியின் தலைமையிற் பிரித்தானியப் படை அரண்மனையைத் தாக்கிக் கைப்பற்றியது. சுல்தான் பினாங்குக்கு நாடுகடத்தப்பட்டார். அவருடைய மகன் அரியணையில் அமர்த்தப்பட்டார்.

அரண்மனையின் திறைசேரி கொள்ளையிடப்பட்டது. அரச நூலகத்தின் கையெழுத்துப் பிரதிகளும் எடுத்துச் செல்லப்பட்டன. அவற்றைத் தமதாக்கிக் கொண்டோர் மூவர்: ராபிள்ஸ், யோக்யகார்த்தாவில் வதிவிடப் பிரதிநிதியாக இருந்த குரோபர்ட், படைப் பொறியியலாளரான கொலின் மெக்கன்சி. தென்னிந்தியாவில் ஏட்டுச் சுவடிகளையும் கல்வெட்டுப் படிகளையும் பெருந்தொகையாகத் திரட்டிய அதே மெக்கன்சிதான் இவர். இந்தச் சுவடிகளுட் பல இலண்டனிலுள்ள பிரித்தானிய நூலகத்தைச் சென்றடைந்தன. 2019 இல் அந்நூலகம் 75 சுவடிகளின் இலத்திரனியற் பிரதிகளை யோக்யகார்த்தாவுக்கு வழங்கியது. மூலச் சுவடிகள் அல்ல, பிரதிகள் மட்டுமே வழங்கப்பட்டன என்பதைக் குறித்துக்கொள்ளுங்கள்.

அரண்மனை வீழ்ந்ததைக் கண்ட இளவரசர்களுள் ஒருவர் திபோநெகோரோ. பின்னாளில், 1825 முதல் 1830 வரை, ஒல்லாந்தருக்கு எதிராக நடந்த ஜாவாப் போருக்குத் தலைமை தாங்கியவர் அவரே.

4. நிலவரிச் சீர்திருத்தம்

இதுவே ராபிள்ஸின் ஆட்சியில் மிக முக்கியமான பகுதி. ஒல்லாந்தர் காலத்தில் ஜாவாக் குடியானவர்கள் கோப்பி முதலிய விளைபொருட்களைக் குறிக்கப்பட்ட விலைக்குக் கட்டாயமாகக் கையளிக்க வேண்டும். ஊதியமின்றி உழைக்கவும் வேண்டும். இலங்கையில் நிலவிய இராஜகாரிய முறையை இங்கே நினைவுபடுத்திக்கொள்ளுங்கள்.

ராபிள்ஸ் 1813 - 1814 காலத்தில் இதற்குப் பதிலாக நிலவரி முறையை அறிமுகஞ்செய்தார். சென்னை மாகாணத்தில் தோமஸ் மன்றோ போன்றோர் வளர்த்தெடுத்த இரயத்துவாரி முறையை இது பெரிதும் ஒத்திருந்தது. அதன் அடிப்படை அம்சங்கள் பின்வருமாறு:

- நிலம் அரசுக்குரியது. குடியானவர் அதன் குத்தகைக்காரர்.
- கட்டாய ஒப்படைப்பும் கட்டாய உழைப்பும் நீக்கப்படும். குடியானவர் விரும்பியதைப் பயிரிட்டு விரும்பியவருக்கு விற்கலாம்.
- வரி பணமாகவோ நெல்லாகவோ செலுத்தப்படலாம்.
- நெல் வயல்கள் தரம் பிரிக்கப்பட்டு, முதல் தர வயலில் விளைச்சலின் 1/2 பங்கும், இரண்டாந்தர வயலில் 2/5 பங்கும், மூன்றாந்தர வயலில் 1/3 பங்கும் வரியாகும்.

இப்போது ஒரு சிறு கணக்குச் செய்து பாருங்கள். இரண்டாந்தர வயலில் 100 மூடை நெல் விளைந்தால் அரசுக்கு எத்தனை மூடை போகும்? 40 மூடை. விதைநெல், கூலி, வீட்டுச் சாப்பாடு எல்லாவற்றுக்கும் எஞ்சுவது 60 மூடை. சுதந்திரம் கொடுத்ததாகச் சொல்லப்பட்ட சீர்திருத்தத்தின் விலை எவ்வளவு என்பது இப்போது விளங்கும்.

நடைமுறையிலும் பல தடைகள் ஏற்பட்டன. நிலங்கள் முறையாக அளக்கப்பட்டிருக்கவில்லை. அளப்பதற்குப் போதிய உத்தியோகத்தரும் இல்லை. கிராமத்தில் நாணயப் புழக்கம் குறைவாக இருந்ததால் வரியைப் பணமாகக் கட்ட வேண்டியோர் வட்டிக்குக் கடன்பட்டனர். கோப்பியால் பெரும் வருமானம் கிடைத்த பிரயாங்கன் மலைப் பகுதியிற் கட்டாயக் கோப்பிச் செய்கை கைவிடப்படவே இல்லை. கொள்கைக்கும் வருமானத்துக்கும் இடையே போட்டி வந்தபோது வருமானமே வென்றது.

இலங்கையிலும் இதற்கு ஒப்பான ஒரு நிகழ்வு உண்டு. 1796 இன் பின் சென்னை நிர்வாகம் இங்கு புகுத்திய வரிகளும் சென்னையிலிருந்து வந்த வரி அறவிடுவோரின் கெடுபிடியும் 1797 கிளர்ச்சிக்கு வழிவகுத்தன. ஓரிடத்திற்குப் பொருந்திய முறையை இன்னோரிடத்தில் அப்படியே நடும்போது என்ன நேரும் என்பதற்கு இவ்விரண்டும் நல்ல உதாரணங்கள்.

இன்னொரு தொடர்பையும் சொல்ல வேண்டும். கோல்புறூக் ஆணைக்குழு என்ற பெயரை நீங்கள் நன்கு அறிவீர்கள். 1830 களின் தொடக்கத்தில் இராஜகாரிய முறையை ஒழிக்கப் பரிந்துரைத்த அந்தக் கோல்புறூக், தமது இளமையில் இலங்கையிலும் பின்னர் ஜாவாவிலும் படை அதிகாரியாகக் கடமையாற்றியவர். ராபிள்ஸ் ஆட்சி செய்த காலத்தில் அவர் ஜாவாவில் இருந்தார்.

5. அறிவுப் பணிகள்

ராபிள்ஸிடம் ஆட்சியாளர் ஒருவரும் ஆய்வாளர் ஒருவரும் சேர்ந்திருந்தனர். தாவரங்கள், விலங்குகள், மொழிகள், பழைய கட்டடங்கள் என எல்லாவற்றைப் பற்றியும் குறிப்பெடுத்தார். 1814 இல், காட்டுக்குள் ஒரு பெரிய பழைய கட்டடம் இருப்பதாகக் கேள்விப்பட்டு, கோர்னேலியஸ் என்ற ஒல்லாந்துப் பொறியியலாளரை அனுப்பினார். அவர் ஏறத்தாழ 200 ஆட்களைக் கொண்டு இரண்டு மாதங்களாக மரங்களை வெட்டி மண்ணை அகற்றினார். அதுவே போரோபுதூர். 9 ஆம் நூற்றாண்டளவிற் கட்டப்பட்ட, உலகின் மிகப் பெரிய பௌத்த நினைவுச் சின்னம். இதனை ராபிள்ஸ் கண்டுபிடித்தார் எனச் சிலர் எழுதுவர். அது சரியன்று. அயலூர் மக்கள் அதனை அறிந்தே இருந்தனர். அதை வெளியுலகம் அறியச் செய்தவர் ராபிள்ஸ் என்று எழுதுவதே பொருத்தமாகும்.

1815 ஏப்ரல் 5 ஆம் திகதி ஜாவாவில் பீரங்கி வெடிப்பது போன்ற ஓசை கேட்டது. எதிரிகள் தாக்குகின்றனர் என எண்ணி யோக்யகார்த்தாவிலிருந்து படையினர் புறப்பட்டனர். உண்மையில், கிழக்கே சும்பாவாத் தீவில் தம்போரா எரிமலை வெடிக்கத் தொடங்கியிருந்தது. ஏப்ரல் 10 இல் அது உச்சத்தை அடைந்தது. பல்லாயிரம் மக்கள் மாண்டனர். அதன் சாம்பலும் வாயுக்களும் வளிமண்டலத்திற் பரவியதால் 1816 இல் ஐரோப்பாவிலும் வட அமெரிக்காவிலும் கோடை காலமே இல்லாமற் போயிற்று. ராபிள்ஸ் தன் அதிகாரிகளிடம் அறிக்கைகள் கேட்டுத் திரட்டியமையாலேயே அந்நிகழ்வைப் பற்றி இன்று நாம் விரிவாக அறிய முடிகின்றது. கண்டி உடன்படிக்கை கைச்சாத்திடப்பட்டது 1815 மார்ச் 2 இல் என்பதை இத்துடன் சேர்த்து நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். இரண்டுக்கும் இடையே ஐந்து வாரங்கள்கூட இல்லை.

6. குற்றச்சாட்டுகளும் வீழ்ச்சியும்

ஜாவாவின் நிர்வாகம் கம்பனிக்கு இலாபம் தரவில்லை. புழக்கத்திலிருந்த காசுத்தாளின் பெறுமதி வீழ்ந்தது. அதனைச் சரிசெய்ய ராபிள்ஸ் அரசுக் காணிகளைத் தனியாருக்கு விற்றார். அதில் ஒரு பகுதியிற் தாமும் பங்கு வாங்கினார். தளபதி ஜில்லெஸ்பி இதனைக் குற்றமாகச் சுமத்தினார். பின்னர் விசாரித்த பணிப்பாளர் சபை அவர் நேர்மையீனமாக நடக்கவில்லை எனத் தீர்த்தது. ஆனாலும் விற்கும் அதிகாரத்தைக் கையில் வைத்திருந்தவர் தாமே வாங்கியமை தவறு என்பதை மறுக்க முடியாது.

சுமாத்திராவிலுள்ள பலெம்பாங்கில் 1811 இல் ஒல்லாந்துக் காவற்படையினர் கொல்லப்பட்டனர். அதற்கு முன்னர் அந்நகரச் சுல்தானுக்கு ராபிள்ஸ் எழுதிய கடிதங்கள் அதற்குத் தூண்டுதலாக இருந்தனவா என்பது பற்றி வரலாற்றாசிரியர்கள் இன்றும் விவாதிக்கின்றனர். 1812 இல் அதே சுல்தானுக்கு எதிராகப் பிரித்தானியர் படை அனுப்பி, ஈயம் விளையும் தீவு என்று பலராலும் தவறாக எழுதப்படும் பங்கா என்ற தீவைப் பெற்றனர். அங்கு கிடைப்பது ஈயமன்று, வெள்ளீயமாகும்.

1814 நவம்பரில் மனைவி ஒலிவியா இறந்தார். போகோர் தாவரவியற் பூங்காவில் அவருக்கான நினைவுச் சின்னத்தை இன்றும் காணலாம். 1816 மார்ச்சில் ராபிள்ஸ் பதவியிலிருந்து நீக்கப்பட்டார். அதே ஆண்டு ஆகஸ்டில் ஜாவா ஒல்லாந்தரிடம் கையளிக்கப்பட்டது.

7. ஜாவா ஏன் திருப்பிக் கொடுக்கப்பட்டது?

1814 ஆகஸ்ட் 13 ஆம் திகதி இலண்டன் உடன்படிக்கை கைச்சாத்தாயிற்று. 1803 ஜனவரி 1 ஆம் திகதி ஒல்லாந்தரிடம் இருந்த குடியேற்றங்களை, நன்னம்பிக்கை முனை முதலிய சில நீங்கலாக, திருப்பிக் கொடுக்கப் பிரித்தானியா இணங்கியது. பிரான்சுக்கு எதிரான அரணாக ஐரோப்பாவில் ஒல்லாந்து பலமுள்ள நாடாக இருக்க வேண்டும் என்பதே இதன் நோக்கம். ஜாவாவின் செல்வம் இல்லாமல் ஒல்லாந்து பலமடைய முடியாது.

இலங்கையோ 1802 ஆம் ஆண்டின் அமியன்ஸ் உடன்படிக்கையிலேயே பிரித்தானியாவுக்கு வழங்கப்பட்டுவிட்டது. ஆகவே 1803 என்ற எல்லைக்குள் அது அடங்கவில்லை. மேலும், திருகோணமலைத் துறைமுகம் இந்தியாவின் பாதுகாப்புக்கு இன்றியமையாததாகக் கருதப்பட்டது. ஆரம்பத்திற் கேட்ட வினாவுக்கு விடை இதுவே. ஜாவா மக்களின் விருப்பமோ இலங்கை மக்களின் விருப்பமோ எந்தக் கட்டத்திலும் கேட்கப்படவில்லை. ஜாவாவில் ஒல்லாந்தர் 1830 இல் கட்டாயப் பயிர்ச்செய்கை முறையை ஏற்படுத்தினர். ராபிள்ஸ் நீக்க முயன்ற சுமை இன்னும் பெரிதாகத் திரும்பி வந்தது.

8. பிற்கால வாழ்க்கை

1817 இல் ராபிள்ஸ் ஜாவாவின் வரலாறு என்ற நூலை இரு தொகுதிகளாக வெளியிட்டார். அதே ஆண்டு சேர் பட்டம் பெற்றார். சோபியா என்பவரை மறுமணம் செய்து, 1818 இல் சுமாத்திராவிலுள்ள பென்கூலனுக்குத் துணைத் தேசாதிபதியாகச் சென்றார். அவ்வாண்டு காட்டில் காணப்பட்ட மாபெரும் மலர் ஒன்று பின்னர் ரபிளீசியா எனப் பெயர் பெற்றது.

1819 ஜனவரி 29 இல் அவர் சிங்கப்பூரிற் கரையிறங்கி, பெப்ரவரி 6 இல் அங்கு வணிகத் தளம் அமைக்க உடன்படிக்கை செய்தார். அதே ஆண்டில் அவருடன் பினாங்கிலிருந்து வந்த நாராயண பிள்ளை, சிங்கப்பூரில் குடியேறிய முதல் தமிழர்களுள் ஒருவர். 1827 இல் நிறுவப்பட்ட மாரியம்மன் ஆலயம் அவரது முயற்சியால் உருவானது.

ஆனால் அவருடைய குடும்ப வாழ்வு துயரம் நிறைந்தது. ஐந்து பிள்ளைகளில் நால்வர் பென்கூலனில் குழந்தைப் பருவத்திலேயே இறந்தனர். 1824 பெப்ரவரியில் அவர்கள் ஊர் திரும்பிய கப்பல் தீப்பற்றியது. உயிர் தப்பினர், ஆயினும் பல ஆண்டுகளாகத் திரட்டிய குறிப்புகளும் ஓவியங்களும் சுவடிகளும் சாம்பலாயின. யோக்யகார்த்தாவின் நூலகத்தை வெறுமையாக்கியவர்களுள் ஒருவர், தம்முடைய சேகரிப்பும் இவ்வாறு அழிவதைக் கண்டார்.

இலண்டனில் விலங்கியற் சங்கம் அமைய முன்னின்று 1826 இல் அதன் முதலாவது தலைவரானார். அதே ஆண்டு கம்பனி அவர் 22,000 பவுணுக்கும் மேற்பட்ட தொகையைத் திருப்பிச் செலுத்த வேண்டும் எனக் கணக்கு அனுப்பியது. 1826 ஜூலை 5 ஆம் திகதி, 45 ஆவது பிறந்த நாளுக்கு முதல் நாள், ராபிள்ஸ் காலமானார். அவர் புதைக்கப்பட்ட இடம் 1914 வரை அறியப்படாதிருந்தது.

9. மதிப்பீடு

ராபிள்ஸைப் பற்றி வகுப்பில் விடை எழுதச் சொன்னால், பிள்ளைகள் இரண்டு விதமாக எழுதுவதைக் கண்டிருக்கிறேன். ஒரு சாரார் அவரை மக்கள் நண்பராக்கிவிடுவர். மற்றச் சாரார் கொள்ளைக்காரர் என்ற ஒரே சொல்லில் முடித்துவிடுவர. இரண்டும் அரைகுறை விடைகளே. கட்டாய உழைப்பு அநீதி என்பதை அவர் உணர்ந்தார். 1813 இல் ஜாவாவுக்கு அடிமைகளைக் கொண்டுவருவதைத் தடை செய்தார். அதே கையாற்தான் ஓர் அரண்மனையை உடைக்கவும் விளைச்சலிற் பாதியை வரியாகக் கேட்கவும் உத்தரவிட்டார். அவர் நல்லவரா கெட்டவரா என்பதல்ல முக்கிய வினா. ஒரு மக்கள் கூட்டத்துக்கு எது நல்லது என்பதை, அவர்களைக் கேளாமலே தீர்மானிக்கும் உரிமை அவருக்கு எங்கிருந்து வந்தது என்பதே வினா. குடியேற்ற ஆட்சி பற்றிய எந்தப் பாடத்தைப் படிக்கும்போதும் இவ்வினாவை மனதிற் கொள்ளுங்கள். உங்கள் விடை தானாகவே ஆழம் பெறும்.

நினைவிற் கொள்க

1781 - பிறப்பு
1811 - ஜாவா கைப்பற்றப்படல்
1812 - யோக்யகார்த்தா அரண்மனை வீழ்ச்சி
1813 - 1814 - நிலவரி முறை
1814 - இலண்டன் உடன்படிக்கை
1815 - தம்போரா எரிமலை வெடிப்பு
1816 - ஜாவா ஒல்லாந்தரிடம் கையளிப்பு
1819 - சிங்கப்பூர்
1826 - இறப்பு

பயிற்சி வினாக்கள்

1. பிரித்தானியர் 1796 இல் இலங்கையின் கரையோரத்தையும் 1811 இல் ஜாவாவையும் கைப்பற்றியமைக்கான பொதுக் காரணம் யாது?
2. ராபிள்ஸின் நிலவரி முறையின் இரண்டு அம்சங்களையும், அது எதிர்நோக்கிய இரண்டு தடைகளையும் குறிப்பிடுக.
3. மூன்றாந்தர வயலொன்றில் 90 மூடை நெல் விளைந்தால் வரி எவ்வளவு? குடியானவருக்கு எஞ்சுவது எவ்வளவு?
4. ஜாவா திருப்பிக் கொடுக்கப்பட, இலங்கை பிரித்தானியரிடமே இருந்தமைக்கான காரணங்களை விளக்குக.
5. ராபிள்ஸின் ஆட்சியால் ஜாவா மக்கள் பெற்றவற்றையும் இழந்தவற்றையும் ஒப்பிட்டு உமது கருத்தை எழுதுக.

ஐந்தாவது வினாவுக்குப் புத்தகத்தை மூடி வைத்துவிட்டு எழுதுங்கள். எழுதி முடித்த பின் மதிப்பீட்டுப் பகுதியை மீண்டும் ஒருமுறை வாசித்து, நீங்கள் விட்டவற்றை நீங்களே திருத்திக்கொள்ளுங்கள்.